முடிவைக் கேட்கும் உரிமை: பஸ் பெர்மிட் தாமதமும் சட்ட வழிகளும்



இன்று நான் பேச எடுத்துக்கொண்ட பொருள் இதுதான். பஸ் ஓட்ட அனுமதி கேட்டு ஒருவர் விண்ணப்பம் கொடுக்கிறார். மாதங்கள் போகின்றன. கொடுத்தோம் என்றும் பதில் இல்லை, கொடுக்கமாட்டோம் என்றும் பதில் இல்லை. அந்த மனிதருக்குச் சட்டத்தில் என்ன வழி இருக்கிறது? கேட்கும்போது இது நாலு பஸ் முதலாளிகளின் கவலை என்று தோன்றும். அது அப்படியல்ல என்று காட்டுவதுதான் என் முதல் வேலை.

நம் சங்கரன்கோவிலைப் பாருங்கள். கோமதி அம்மன் சன்னதிக்கு வருகிறவர்கள், விசைத்தறிக்கு ஷிப்டு மாறி வருகிறவர்கள், விடியும் முன்னே பூ மூட்டையோடு மார்க்கெட்டுக்கு வருகிறவர்கள், மேலநீலிதநல்லூர் கல்லூரிக்குப் போகிற பிள்ளைகள். இவர்கள் எல்லாரும் நம்பியிருப்பது பஸ்ஸைத்தான். திருநெல்வேலி சாலையில் பனவடலிசத்திரம், தேவர்குளம் வழியாகப் பஸ் இருக்கிறது. கோவில்பட்டிக்குக் கழுகுமலை வழியாக இருக்கிறது. ராஜபாளையத்துக்கும் புளியங்குடிக்கும் இருக்கிறது. மெயின் ரோட்டில் நிற்பவனுக்குக் குறையில்லை. மெயின் ரோட்டிலிருந்து நாலு மைல் உள்ளே இருப்பவள் என்ன செய்வாள்? குருவிகுளம் பக்கம், திருவேங்கடம் பக்கம், கரிவலம்வந்தநல்லூர் பக்கம் உள்ளே தள்ளியிருக்கும் ஊர்களில் கேட்டுப் பாருங்கள். காலை பஸ்ஸை விட்டால் அடுத்தது எப்போது என்று கேளுங்கள்.

ஒரு பெர்மிட் தாமதமானால் இழப்பு இரண்டு பேருக்கு. ஒருவர் விண்ணப்பதாரர். அவர் வங்கியில் கடனுக்குப் பேசி வைத்திருப்பார். கரூரில் பாடி கட்ட முன்பணம் கொடுத்திருப்பார். நாள் போகப் போக வட்டி ஏறும். இன்னொருவர் அந்தப் பஸ்ஸில் ஏறியிருக்க வேண்டிய பயணி. முதலாமவருடைய பெயராவது கோப்பில் இருக்கிறது. இரண்டாமவருடைய பெயர் எந்தக் கோப்பிலும் இல்லை. அதனால்தான் இது ஊர்ப் பிரச்சினை என்கிறேன். அதனால்தான் நீதிமன்ற அறையில் பேச வேண்டியதைப் பொதுமேடையில் பேச வந்திருக்கிறேன்.

இந்தச் சண்டை இன்று தொடங்கியதில்லை. 1939ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் காலத்தில் பெர்மிட் என்பது எளிதில் கிடைக்காத சரக்கு. ஒரு ரூட்டுக்கு ஒரு பெர்மிட் என்றால் போட்டிக்கு ஒரு கூட்டமே வரும். ஏற்கனவே அந்த ரூட்டில் ஓட்டுகிறவர் ஆட்சேபம் சொல்வார். விசாரணை, மேல்முறையீடு, சீராய்வு, உயர் நீதிமன்றம், உச்ச நீதிமன்றம் என்று ஒரு பெர்மிட் வழக்கு பல வருடம் ஓடும். அந்தக் காலத்து மெட்ராஸ் சட்டத் தீர்ப்புத் தொகுப்புகளைப் புரட்டினால் பஸ் கம்பெனிகளின் பெயர்கள் வரிசையாக வரும்.

அந்தக் காலத்திலிருந்து ஒரே ஒரு வழக்கைச் சொல்கிறேன். 1956 ஏப்ரலில் சென்னை அரசு 1298 என்ற எண்ணில் ஓர் அரசாணை போட்டது. பெர்மிட் கேட்பவர்களுக்கு மதிப்பெண் போட்டுத் தேர்ந்தெடுங்கள் என்று அந்த ஆணை சொன்னது. பட்டறை இருக்கிறதா, அனுபவம் இருக்கிறதா, தொழில் நடத்தும் இடம் எங்கே என்று ஒவ்வொன்றுக்கும் மதிப்பெண். பல வருடம் இந்த முறை நடந்தது. பிறகு ராஜகோபால நாயுடு என்பவரின் வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. 1964இல் தீர்ப்பு வந்தது. பெர்மிட் கொடுக்கும் ஆணையம் இரு தரப்பையும் கேட்டு நீதி வழங்குவது போன்ற வேலையைச் செய்கிறது. அது எப்படி முடிவெடுக்க வேண்டும் என்று அரசு உத்தரவு போட முடியாது என்று சொல்லி, அந்த அரசாணை செல்லாது என்றது நீதிமன்றம்.

இந்தப் பழைய கதையை இன்று ஏன் சொல்கிறேன்? ‘மேலேயிருந்து இன்னும் சொல்லவில்லை’ என்ற பதிலை அலுவலக வாசலில் கேட்டவர்கள் இந்த அவையில் இருப்பீர்கள். மேலே யார்? சட்டம் அந்த ‘மேலே’யை ஒத்துக்கொள்கிறதா? முடிவெடுக்கிற பொறுப்பு சட்டப்படி யாருக்குக் கொடுக்கப்பட்டதோ, அவர்தான் எடுக்க வேண்டும். எழுத்தில் இல்லாத ஒரு சைகைக்காக அவர் காத்திருக்கக் கூடாது. 1964இல் சொன்ன நியாயத்திலிருந்து கிடைக்கிற பாடம் அதுதான்.

அடுத்து வந்தது அரசுடைமைக் காலம். 1972 முதல் தமிழ்நாட்டில் அரசுப் போக்குவரத்துக் கழகங்கள் ஒவ்வொன்றாக வந்தன. 1974இல் நம் திருநெல்வேலிக்குக் கட்டபொம்மன் போக்குவரத்துக் கழகம் வந்தது. பல ரூட்டுகள் கழகத்துக்கென்று ஒதுக்கப்பட்டன. பிறகு 1988ஆம் ஆண்டு புதிய மோட்டார் வாகனச் சட்டம் வந்தது. 1989 ஜூலை 1 முதல் அமலுக்கும் வந்தது. அந்தச் சட்டம் போட்டியைத் திறந்துவிட்டது. பழைய பஸ்காரர்கள் சும்மா இருந்தார்களா? உச்ச நீதிமன்றம் போனார்கள். மிதிலேஷ் கார்க் வழக்கு அது. 1991இல் தீர்ப்பு. பஸ் கூடினால் பயணிக்கு நல்லது. பெர்மிட் தாராளமாகக் கொடுப்பதை, ஏற்கனவே ஓட்டுகிறவர் தன் வருமானம் குறையும் என்று சொல்லித் தடுக்க முடியாது என்பதுதான் அதன் சாரம்.

அப்படியானால் கேட்டவருக்கெல்லாம் பெர்மிட் உண்டா? இல்லை. இங்கேதான் பலர் தடுக்கி விழுகிறார்கள். அரசுக் கழகத்துக்கென்று திட்டம் போட்டு அறிவிக்கப்பட்ட ரூட்டுக்கு 1988ஆம் ஆண்டுச் சட்டத்தின் ஆறாம் அத்தியாயம் பொருந்தும். மற்ற விதிகளை அது மீறி நிற்கும் என்று 98ஆம் பிரிவு சொல்கிறது. அறிவிக்கப்பட்ட ரூட்டின் ஒரு துண்டில்கூடத் திட்டம் இடம் கொடுத்தாலன்றித் தனியார் ஓட்ட முடியாது என்பதை, 1987இல் பாண்டியன் ரோடுவேஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் தமிழ்நாட்டு ரூட்டுகளை வைத்தே சொல்லியிருக்கிறது. ஆகவே, தாமதம் என்று புகார் சொல்லும் முன்னே உங்கள் ரூட் எந்த வகை என்று பாருங்கள். கிடைக்காத இடத்தில் கேட்டுவிட்டுத் தாமதம் என்று சொன்னால் எந்த நீதிபதியும் உதவ முடியாது.

கிடைக்கக்கூடிய இடம் எது? இன்று நம் பக்கத்துக்கு மிக நெருக்கமானது மினி பஸ். 1997இல் பஸ் போகாத கிராமங்களுக்கென்று இந்தத் திட்டம் தொடங்கியது. 2025இல் புதிய விரிவான மினி பஸ் திட்டம் வந்தது. அந்த வருடம் ஜூனில் தஞ்சாவூரில் முதலமைச்சர் தொடங்கி வைத்தார். ரூட் அதிகபட்சம் 25 கிலோமீட்டர். அதில் குறைந்தது 65 சதவீதம் பஸ் வசதி இல்லாத பாதையாக இருக்க வேண்டும். 25 கிலோமீட்டர் ரூட் என்றால் பதினாறேகால் கிலோமீட்டருக்குக் குறையாமல் பஸ் காணாத பாதை. மீதி எட்டேமுக்கால் கிலோமீட்டர் வரை பஸ் ஓடும் பாதையில் வந்து பஸ் ஸ்டாண்டைத் தொடலாம். ஒரே ரூட்டுக்குப் பலர் கேட்டால் குலுக்கல். கணக்கு எளிதாக இருக்கிறது. ஆனால் அந்த 65 சதவீதத்தை யார் அளப்பது, எந்த நாளில் அளப்பது, அளந்ததை யார் ஒப்புக்கொள்வது? தாமதம் பிறக்கிற இடம் பெரும்பாலும் இப்படிப்பட்ட இடம்தான்.

சரி, சட்டம் என்ன சொல்கிறது? மோட்டார் வாகனச் சட்டத்தின் 80ஆம் பிரிவைப் பாருங்கள். பெர்மிட் கேட்டு எந்த நேரத்திலும் விண்ணப்பிக்கலாம். ஆணையம் சாதாரணமாக மறுக்கக் கூடாது. மறுத்தால் காரணத்தை எழுத்தில் கொடுக்க வேண்டும். விண்ணப்பதாரரைக் கேட்காமல் மறுக்கவும் கூடாது. எவ்வளவு நல்ல விதி! ஆனால் இவ்வளவும் சொன்ன அந்தப் பிரிவு, எத்தனை நாளுக்குள் என்று மட்டும் சொல்லாமல் விட்டுவிட்டது.

நாள் குறிக்க முடியாத காரியமா இது? அப்படிச் சொல்ல முடியாது. அகில இந்திய சுற்றுலா வண்டிகளுக்கு மத்திய அரசு 2021இல் கொண்டுவந்த விதிகளைப் பாருங்கள். கம்ப்யூட்டரில் விண்ணப்பித்து, பணம் கட்டி, ஆவணம் சரியாக இருந்தால் 30 நாளுக்குள் அனுமதி என்று அவை சொல்லின. இந்தியா முழுக்கச் சுற்றுகிற சுற்றுலாப் பஸ்ஸுக்கு 2021இலேயே 30 நாள் கெடு இருந்தது. குருவிகுளத்துப் பெண் ஏறுகிற மினி பஸ்ஸுக்கு 80ஆம் பிரிவில் ஒரு நாள் கெடுவும் இல்லை. இது நியாயமா? நீங்களே சொல்லுங்கள்.

இனி நான் சொல்ல வந்த முக்கியமான செய்திக்கு வருகிறேன். பெர்மிட் கிடைப்பது உங்கள் உரிமை என்று யாராவது சொன்னால் முழுசாக நம்பாதீர்கள். உங்கள் உரிமை வேறு. காரணத்தோடு கூடிய ஒரு முடிவைப் பெறுவதுதான் உங்கள் உரிமை. ஆமாம் என்றால் பஸ் ஓடும். இல்லை என்றால் மேல்முறையீடு உண்டு. ஆமாமும் இல்லாமல், இல்லையும் இல்லாமல் இருந்தால் எதை எடுத்துக்கொண்டு எங்கே போவீர்கள்? மறுப்புக்கு மருந்து சட்டப் புத்தகத்திலேயே எழுதியிருக்கிறது. மௌனத்துக்கான மருந்தை நாம்தான் தயார் செய்ய வேண்டும். அந்த மருந்து என்ன? எழுத்தில் கேளுங்கள், நாளைக் குறியுங்கள். இன்று மாலை நான் சொல்கிற எல்லாமே இந்த ஒரு வரியின் விரிவுரைதான்.

தாமதத்தில் நான்கு வகை உண்டு. முடிவே எடுக்காத தாமதம். மறுத்தும் ஆணையைக் கையில் கொடுக்காத தாமதம். அனுமதித்தும் பெர்மிட் வழங்காத, டைமிங் போடாத தாமதம். நீதிமன்றத் தடையால் வந்த தாமதம். நான்குக்கும் ஒரே மருந்து கிடையாது. வயிற்றுவலிக்காரனுக்குக் கண் சொட்டு மருந்து கொடுத்தால் என்ன ஆகும்? ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

முதல் வகை, முடிவே எடுக்காதது. தமிழ்நாட்டில் பயணிகள் பஸ் பெர்மிட்டுக்கு முடிவெடுக்கும் வட்டாரப் போக்குவரத்து ஆணையம் மாவட்ட ஆட்சியர், ஆர்.டி.ஓ. அதன் செயலாளர். 2019 நவம்பர் 22இல் தென்காசி தனி மாவட்டமானது முதல் நமக்கு ஆட்சியர் தென்காசியில் இருக்கிறார். டிஎன் 79 என்று நம்பர் கொடுக்கும் ஆர்.டி.ஓ. அலுவலகம் நம் ஊரிலேயே இருக்கிறது. தூரம் ஒரு சாக்கு ஆகாது. விண்ணப்பத்தை முழுசாகக் கொடுங்கள். ரூட், பஸ்ஸின் வகை, எத்தனை சீட், ஒரு நாளில் குறைந்தது எத்தனை நடை, அதிகம் எத்தனை நடை, உத்தேச நேரப் பட்டியல், வண்டி நிறுத்தவும் பராமரிக்கவும் என்ன ஏற்பாடு, இதெல்லாம் 70ஆம் பிரிவு கேட்கும் விவரங்கள். ஒன்று விட்டுப்போனாலும் தாமதத்துக்கு நீங்களே காரணம் கொடுத்ததாக ஆகும். கொடுத்ததற்கு ரசீது வாங்குங்கள். குறை இருந்தால் எழுதிக் கொடுங்கள் என்று கேளுங்கள். குறையைச் சரிசெய்து கொடுத்தால் அதற்கும் ஒப்புதல் வாங்குங்கள்.

அப்புறம்? கொஞ்ச நாள் பொறுங்கள். ஆய்வு நடக்க வேண்டும். சாலை பஸ் தாங்குமா என்று பார்க்க வேண்டும். போக்குவரத்துக் கழகத்தின் ரூட்டோடு மோதுகிறதா என்று பார்க்க வேண்டும். நியாயமான நேரம் கொடுத்த பிறகு, இன்ன தேதியில் விண்ணப்பித்தேன், இன்ன தேதியில் ஆய்வு முடிந்தது, இன்னும் முடிவு இல்லை, முடிவெடுத்துத் தெரிவியுங்கள் என்று ஒப்புகையோடு தபாலில் எழுதுங்கள். போன் பேசியது சாட்சி ஆகாது. அலுவலக வராண்டாவில் நின்றது சாட்சி ஆகாது. எழுத்தில் கேளுங்கள், நாளைக் குறியுங்கள்.

கூடவே தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போடுங்கள். பத்து ரூபாய்தான் கட்டணம். ‘ஏன் தாமதம்?’ என்று கேட்காதீர்கள். அதற்குப் பதில் வராது, வந்தாலும் உதவாது. என் விண்ணப்பம் எந்தெந்தத் தேதியில் எந்தெந்த அலுவலரிடம் இருந்தது, ஆய்வு அறிக்கையின் நகல், கோப்பில் எழுதிய குறிப்புகளின் நகல் என்று கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் முதல் மேல்முறையீடு, அதற்குப் பிறகு 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையம். காரணமில்லாமல் தகவலைத் தராத அலுவலருக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய் வீதம் 25,000 ரூபாய் வரை அபராதம் உண்டு. பெர்மிட் சட்டத்தில் இல்லாத நாள் கணக்கு தகவல் சட்டத்தில் இருக்கிறது. அந்தச் சட்டத்தின் காலண்டரைக் கொண்டுவந்து இந்தக் கோப்பின் மேல் மாட்டுங்கள். பல கோப்புகள் இந்த ஒரு மனுவிலேயே நகர்ந்துவிடும்.

அப்படியும் நகரவில்லை என்றால் உயர் நீதிமன்றம். அரசியல் சட்டத்தின் 226ஆம் பிரிவில் ரிட் மனு. கடமையைச் செய் என்று அதிகாரிக்குக் கட்டளையிடும் மேண்டமஸ் என்ற பேராணையைக் கேட்பது. 2004 ஜூலை 24இல் மதுரைக் கிளை திறக்கும் வரை இதற்காக நம் ஆள் சென்னைக்கு ராத்திரி முழுக்கப் பயணம் போக வேண்டியிருந்தது. இன்று மதுரை நமக்கு மூன்று மணி நேரப் பயணம். போனவுடன் நீதிபதி பார்ப்பது எதை? அதிகாரிக்குச் சட்டப்படி கடமை இருக்கிறதா, அதைச் செய் என்று நீங்கள் கேட்டீர்களா, கேட்டும் செய்யவில்லையா. இந்த மூன்றுக்கும் கடிதமும் ஒப்புகையும் தகவல் மனுவின் பதிலும்தான் விடை சொல்லும்.

நீதிமன்றம் என்ன கொடுக்கும்? இதைக் கவனமாகக் கேளுங்கள். பெர்மிட் கொடு என்று சொல்லாது. இத்தனை வாரத்துக்குள் சட்டப்படி பரிசீலித்து முடிவெடு என்று சொல்லும். ‘இதுக்குத்தானா மதுரை வரைக்கும் போனேன்?’ என்று சிலர் சலித்துக்கொள்வார்கள். ஆனால் இதில் ஓர் ஆழ்ந்த நியாயம் இருக்கிறது. குஜராத்திலிருந்து வந்த மன்சுக்லால் வழக்கில், 1997இல் உச்ச நீதிமன்றம் சொன்னது இது: ஓர் அதிகாரி தன் சொந்த அறிவால் எடுக்க வேண்டிய முடிவை, இப்படித்தான் எடு என்று நீதிமன்றமே சொல்லிவிட்டால் அவருக்கு விருப்பமே இல்லாமல் போகிறது, அந்த முடிவு செல்லாது. அது பஸ் வழக்கு இல்லை. லஞ்ச வழக்கில் வழக்குத் தொடர அனுமதி கொடுத்தது பற்றியது. ஆனால் நியாயம் ஒன்றுதான். நீதிமன்றம் முடிவைக் கேட்டு வாங்கித் தரும். முடிவையே எழுதித் தராது. சட்டம் குறிக்காமல் விட்ட நாளை நீதிபதி குறித்துத் தருகிறார். அது சின்ன விஷயமா? நீங்கள் கேட்டு நின்றதே அந்த ஒன்றைத்தானே!

இரண்டாவது வகை, மறுத்துவிட்டும் ஆணையைக் கொடுக்காதது. ‘ஒங்களுக்கு இல்லேன்னு ஆயிருச்சு’ என்று வாய்வார்த்தையாகத் தெரியும், காகிதம் வராது. வாய்வார்த்தைக்கு மேல்முறையீடு கிடையாது. காரணத்தோடு கூடிய ஆணையின் நகலை எழுதிக் கேளுங்கள். கையில் கிடைத்ததும் மோட்டார் வாகனச் சட்டத்தின் 89ஆம் பிரிவின்படி மாநிலப் போக்குவரத்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்கு, விதி குறித்த கெடுவுக்குள் போங்கள். மாவட்ட நீதிபதி தரத்தில் உள்ளவர் அங்கே விசாரிப்பார். பெர்மிட் மறுப்பு மட்டுமல்ல. பெர்மிட்டில் வைத்த நிபந்தனை பாதித்தாலும், புதுப்பிக்க மறுத்தாலும் அங்கே போகலாம். மேல்முறையீட்டுக்கு இடமில்லாத ஆணை என்றால் 90ஆம் பிரிவின்படி சீராய்வு. ஆணையின் தேதியிலிருந்து 30 நாள்தான். அலுவலகம் தாமதித்தால் நாம் நீதிமன்றம் போகலாம். நாம் தாமதித்தால் கதவு மூடிவிடலாம். இந்த வித்தியாசத்தை மறந்துவிடாதீர்கள்.

மூன்றாவது வகை, வாய்க்கு எட்டியது கைக்கு எட்டாதது. அனுமதித்து ஆணை வந்துவிட்டது; வண்டியும் வந்துவிட்டது; ஆனால் பெர்மிட் புத்தகம் வரவில்லை, டைமிங் கூட்டம் போடவில்லை. முன்னால் ஓடும் பஸ்ஸுக்கும் நம் பஸ்ஸுக்கும் எத்தனை நிமிட இடைவெளி என்பதில் சண்டை. பஸ் தொழில் தெரிந்தவர்களுக்குத் தெரியும், ஐந்து நிமிடம் என்பது ஒரு வண்டியின் வசூல். இங்கே உங்கள் கை முன்னதைவிட வலுவாக இருக்கிறது. அனுமதி ஏற்கனவே கிடைத்துவிட்டதால், மீதி இருப்பது செய்தே ஆக வேண்டிய அலுவலக வேலை. மேண்டமஸ் கேட்டால் ‘பரிசீலி’ என்பதோடு நிற்க வேண்டியதில்லை. ‘வழங்கு’ என்றே கேட்கலாம். நீதிமன்றம் குறித்த நாளும் தாண்டிவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு உண்டு. 1971ஆம் ஆண்டு அவமதிப்புச் சட்டத்தின்படி ஒரு வருடத்துக்குள் அதைப் போட வேண்டும். போட வேண்டிய நிலை வராமலிருப்பது எல்லாருக்கும் நல்லது. ஆனால் அப்படி ஒன்று இருப்பது இரு தரப்புக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

நான்காவது வகை, தடையால் வந்தது. போட்டி பஸ்காரர் நீதிமன்றம் போகிறார். உங்களைக் கேட்காமலே ஓர் இடைக்காலத் தடை வாங்கிவிடுகிறார். ‘ஸ்டே வந்துட்டு, இனி அவ்வளவுதான்’ என்று கையைக் கட்டி உட்காருகிறவர்கள் எத்தனை பேர்! உட்காராதீர்கள். 226ஆம் பிரிவிலேயே மூன்றாவது உட்பிரிவு இருக்கிறது; 44ஆவது திருத்தத்தில் வந்தது. மனுவின் நகலும் தராமல், உங்கள் தரப்பையும் கேட்காமல் வந்த தடை என்றால், அதை நீக்கக் கேட்டு மனுப் போட்டு எதிர்த்தரப்புக்கு நகல் கொடுங்கள். இரண்டு வாரத்துக்குள் அந்த மனுவைத் தீர்க்க வேண்டும். தீர்க்காவிட்டால் தடை நீங்கிவிடும் என்று அரசியல் சட்டம் சொல்கிறது. உயர் நீதிமன்றத்துக்கே நாள் குறிக்கிறது நம் அரசியல் சட்டம்! ஆர்.டி.ஓ. அலுவலகத்துக்கு மட்டும் நாள் குறிக்கக் கூடாதா?

நான்கு வகையும் சொல்லிவிட்டேன். இடைக்காலத்துக்கு ஒரு வழியும் சொல்லிவிடுகிறேன். மோட்டார் வாகனச் சட்டத்தின் 87ஆம் பிரிவில் தற்காலிகப் பெர்மிட் இருக்கிறது. அதிகபட்சம் நான்கு மாதம். திருவிழா, சந்தை மாதிரிக் கூட்டம் கூடும் நாள்களுக்குக் கேட்கலாம். நமக்கு ஆடித்தபசை விடவா பெரிய உதாரணம் வேண்டும்? அறுவடை, வியாபாரப் பருவங்களுக்குக் கேட்கலாம். புதுப்பிக்கக் கொடுத்த விண்ணப்பம் முடிவாகாமல் கிடந்தால் அந்த இடைவெளிக்கும் கேட்கலாம். பெர்மிட் ஐந்து வருடத்துக்கு. முடிவதற்குக் குறைந்தது 15 நாள் முன்னே புதுப்பிக்க மனுச் செய்ய வேண்டும். பதினைந்தாம் நாள் வரை காத்திருக்காதீர்கள். ஆனால் ஒன்று. தற்காலிகம் என்பது இடைக்கால நிழல். அதையே வருடக் கணக்கில் நீட்டிக் காலம் தள்ளலாம் என்று நினைத்தால் அது சட்டத்துக்கும் ஆகாது, உங்கள் தொழிலுக்கும் ஆகாது.

செய்யக் கூடாதது இரண்டு. கோப்பு நகரவில்லை என்று கவரை நகர்த்தாதீர்கள். ஊழல் தடுப்புச் சட்டத்தின் 2018 திருத்தத்துக்குப் பிறகு லஞ்சம் கொடுப்பதும் குற்றம். கட்டாயப்படுத்தி வாங்கினார்கள் என்றால் ஏழு நாளுக்குள் காவல் துறையிடமோ புலனாய்வு அமைப்பிடமோ சொன்னால்தான் சட்டம் உங்களைக் காக்கும். கேட்டவுடனே, கொடுக்கும் முன்னே, லஞ்ச ஒழிப்புத் துறைக்குப் போவது அதைவிட நல்லது. இரண்டாவது, எப்படியும் கொடுத்துவிடுவார்கள் என்று பெர்மிட் இல்லாமல் வண்டியை எடுக்காதீர்கள். மோட்டார் வாகனச் சட்டத்தின் 192ஏ பிரிவில் முதல் தடவைக்கே பத்தாயிரம் ரூபாய் அபராதம். ஆறு மாதம் வரை சிறையும் உண்டு. அதைவிடப் பெரிய ஆபத்து வேறு. வழியில் விபத்து நடந்தால், பெர்மிட் இல்லாத வண்டிக்கு இன்சூரன்ஸ் கம்பெனி பாதிக்கப்பட்டவருக்குக் கொடுத்த தொகையை உரிமையாளரிடமே திருப்பி வாங்கலாம் என்று 2018இல் அம்ரித் பால் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பஸ்ஸும் போகும், வீடும் போகும்.

இதுவரை விண்ணப்பதாரருக்குச் சொன்னேன். இனி பயணிக்குச் சொல்கிறேன். அம்மா, உங்கள் பெயர் கோப்பில் இல்லை என்றேன் அல்லவா? அதை ஏற்றுங்கள். ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 என்று ஆண்டுக்கு ஆறு தடவை கிராம சபை கூடுகிறது. எங்கள் ஊருக்கு இன்ன நேரத்தில் பஸ் வேண்டும், இத்தனை பிள்ளைகள் நடந்து போகிறார்கள் என்று தீர்மானம் போடுங்கள். திங்கட்கிழமை குறைதீர்க்கும் நாளில் அந்தத் தீர்மானத்தோடு ஆட்சியரைப் பாருங்கள். மனு வாங்குகிற அந்த ஆட்சியர்தான் பெர்மிட்டுக்கு முடிவெடுக்கும் ஆணையமும். மனு எண்ணைக் குறித்து வையுங்கள். ரூட்டுகளை வகுக்கும் அதிகாரம் அரசுக்கு 68ஆம் பிரிவிலேயே இருக்கிறது. தனியார் மினி பஸ்தான் வேண்டும் என்பதும் இல்லை. அரசு டவுன் பஸ்ஸில் 2021 முதல் பெண்களுக்குக் கட்டணம் இல்லை. மினி பஸ்ஸில் காசு கொடுக்க வேண்டும். எங்களுக்கு அரசு பஸ்தான் வேண்டும் என்று போக்குவரத்துக் கழகத்திடம் கேட்பதும் உங்கள் விருப்பம். எதைக் கேட்டாலும், எழுத்தில் கேளுங்கள், நாளைக் குறியுங்கள்.

அதிகாரிகள் தரப்பையும் ஒரு நிமிடம் சொல்ல வேண்டும். எல்லாத் தாமதமும் கெட்ட எண்ணத்தால் வருவதில்லை. ஆட்சியர் மேசையில் வெள்ளம், தேர்தல், குடிநீர் என்று ஆயிரம் கோப்பு. கொடுத்தால் போட்டிக்காரர் வழக்கு, மறுத்தால் விண்ணப்பதாரர் வழக்கு. இரண்டுக்கும் பயந்து கோப்பைக் கீழே தள்ளி வைப்பது மனித இயல்பு. அவர்களுக்கு நான் சொல்வது இதுதான். காரணம் எழுதிப் போட்ட ஆணை, தவறாகவே இருந்தாலும், மேல்முறையீட்டில் திருத்தப்படும், அதோடு முடிந்தது. முடிவே எடுக்காமல் இருப்பதற்குத்தான் பதில் சொல்ல முடியாது. கெடு என்பது மக்களுக்கு மட்டும் பாதுகாப்பு இல்லை. அதிகாரிக்கும் அதுவே பாதுகாப்பு.

அதனால் இந்த அவையின் மூலமாக அரசுக்கு மூன்று கோரிக்கை வைக்கிறேன். ஒன்று: பெர்மிட் விண்ணப்பம் முழுமையாக வந்த நாளிலிருந்து முடிவுக்கு ஒரு கெடுவை மாநில விதியிலேயே எழுதுங்கள், சுற்றுலா வண்டிக்கு 30 நாள் போதும் என்று 2021இலேயே சொல்ல முடிந்தது என்றால், ரூட் ஆய்வு வேண்டிய மினி பஸ்ஸுக்கு 90 நாள் போதும். இரண்டு: கெடு தாண்டினால் அதை மறுப்பாகக் கொண்டு நேரே தீர்ப்பாயத்துக்குப் போக வழி செய்யுங்கள், ஏழை விண்ணப்பதாரர் மேண்டமஸ் என்று ஒரு வழக்கும் மேல்முறையீடு என்று இன்னொரு வழக்குமாக இரண்டு செலவு செய்ய வேண்டாம். மூன்று: நிலுவையில் இருக்கும் விண்ணப்பங்களின் பட்டியலை, ரூட்டும் தேதியும் போட்டு, மாதா மாதம் ஆர்.டி.ஓ. அலுவலக வாசலில் ஒட்டுங்கள். பக்கத்துக் கேரளத்தில் 2012 முதல் சேவை உரிமைச் சட்டம் இருக்கிறது. செங்கோட்டையைத் தாண்டினால் ஒரு சேவைக்கு இத்தனை நாள் என்று கேட்க முடிகிறது. செங்கோட்டைக்கு இந்தப் பக்கம் இருப்பவன் என்ன பாவம் செய்தான்?

அரசு செய்கிற வரை நாம் காத்திருக்க வேண்டுமா? வேண்டாம். இந்த அவையில் சட்டம் படித்த பிள்ளைகள் இருக்கிறீர்கள். உங்கள் ஊரில் பஸ் கேட்டுக் கிடக்கிற மனுக்களைத் தேடுங்கள். ஒவ்வொன்றுக்கும் தேதி வாரியாக ஒரு தாள் எழுதுங்கள்: என்று கொடுத்தது, என்று நினைவூட்டியது, என்ன பதில். கிராம சபைத் தீர்மானத்தை அதோடு சேருங்கள். அடுத்த திங்கட்கிழமை தென்காசிக்குப் போகும்போது கையில் வெறும் முறையீட்டோடு போகாதீர்கள். அந்தத் தாளோடு போங்கள். பெர்மிட் கொடுங்கள் என்று கெஞ்ச வேண்டாம். கொடுக்கிறீர்களா, இல்லையா, இல்லையென்றால் ஏன், என்று மரியாதையாக, எழுத்தில் கேளுங்கள். அதைக் கேட்கும் உரிமையைச் சட்டம் ஏற்கனவே உங்களுக்குக் கொடுத்திருக்கிறது.